கழுத்தளவு

ராய்ஸ் டெனிங் வந்த அன்றைக்கு
அவிநாசி ரோட்டில் மழை.
நனைந்த சட்டையோடு செக்கிங் மேசைக்கு வந்தார்,
முதல் பனியனை எடுத்தார்,
கழுத்தை இரண்டு கையாலும் இழுத்து
விட்டார்.
ரிப் திரும்பி வரவில்லை.
"ஃபெயில்."
அந்த ஒரு சொல்லுக்கே
கட்டிங் டேபிள் வரைக்கும் தலைகள் திரும்பின.
போர் போடும்போது எண்ணூறு அடியில்
தண்ணீர் தட்டுப்பட்டால் குழாய்க்குள் ஒரு சத்தம் எழுமே,
அந்த ஆழத்தில் இருந்தது குரல்.

இருபத்திரண்டு வருசம் ஓபரா பாடினவராம்.
"அப்படின்னா என்னுங்க?" என்ற மாராத்தாளுக்கு
நம்ம கூத்து மாதிரித்தான், ஆனால் பேச்சே கிடையாது,
கத்திக்குத்து வாங்கினாலும் பாடி முடித்துத்தான் சாகவேண்டும் என்றேன்.
போனில் பார்த்ததுதான்.

உச்சத்தில் பாடுகிறவனுக்குக் காதலி.
ஆழத்தில் பாடுகிறவனுக்கு
அவளைப் பெற்ற அப்பன் வேசம்,
இல்லாவிட்டால் அவளைக் கெடுக்கப் பார்க்கும் பண்ணையார்,
எப்போதாவது ஒரு ராஜா, அவனும் கடைசியில் தனியாள்.
"இருபத்தெட்டு வயதில் எனக்கு
நாற்பது வயதில் மகள் இருந்தாள்" என்றார்
டீயை ஊதிக்கொண்டே.

ஒமாஹா, டல்சா, டேட்டன்.
மேப்பை விரலால் விரித்தால்தான் தெரிகிற ஊர்கள்.
நியூயார்க்கில் ஒரே ஒரு சீசன்:
வேறொருவருக்குச் சளி பிடித்தால் பாடவேண்டும்,
அதுவரைக்கும் மீசை ஒட்டி, அங்கி மாட்டி
உட்கார்ந்திருப்பதற்குச் சம்பளம்.
பதினோரு ராத்திரி உட்கார்ந்தார்.
பன்னிரண்டாவது ராத்திரி சளி பிடித்தது.
நாற்பது நிமிசம்.
மறுநாள் பேப்பரில் ஒரு வரி, மனப்பாடமாகச் சொன்னார்.
போனில் தட்டித் தமிழில் பார்த்தேன்:
போதுமானவராக இருந்தார்.
நல்லதுதானுங்களே சார் என்றேன்.
எங்கள் ஊரில் போதுமானது என்றால்
தூத்துக்குடியில் கப்பல் ஏறிவிடும்.

குரல் போய்விட்டதா என்று கேட்டேன்.
இல்லை.
கூப்பிடுகிறவர்கள்தான் போனார்கள்.
மச்சினனுக்குப் பனியன் இறக்குமதி.

போன ஆடியில்
விடிந்தால் கண்டெய்னர் என்றிருந்த ராத்திரி,
மணி ஒன்றே முக்கால்,
கரண்ட் போனது.
ஜெனரேட்டர் இரண்டு தரம் இருமி நின்றது.
டீசலுக்குப் போன வண்டியைக் காணோம்.
அறுபது மெஷின் ஒன்றாக நின்றால்
காது வலிக்கும், கேட்டவர்களுக்குத் தெரியும்.

அட்டைப்பெட்டிகளுக்குப் பக்கத்திலிருந்து வந்தது.
யாருக்கோ உடம்பு சரியில்லை என்றுதான்
முதலில் நினைத்தோம்.
ஒடிசாப் பையன் பேஹெரா
போன் வெளிச்சத்தை அணைத்துவிட்டுக் கேட்டான்.
ரேக்கில் சாய்ந்திருந்த இரும்பு ஸ்கேல்
என் விரலுக்கடியில் அதிர்ந்தது,
இல்லை, அதிர்ந்தது என் விரலாகவும் இருக்கலாம்.
"மகளைக் கட்டிக் குடுக்கறாருங்களா,
எளவு வீடுங்களா?" என்று
இருட்டில் மாராத்தாள் கிசுகிசுத்தாள்.
எனக்கும் தெரியவில்லை.

பாட்டு பாதியில்தான் இருந்தது, கரண்ட் வந்துவிட்டது.
யாரும் ஸ்விட்சை அணைத்திருக்கவில்லை,
அறுபதும் ஒரே நேரத்தில் ஓடின.
அவர் நிறுத்தவில்லை.
வாய் அசைந்தது, கழுத்து நரம்பு புடைத்தது,
ஒரு கை யாரையோ மன்னித்தது.
முடிந்ததும் தலைகுனிந்து வணங்கினார்.
பீஸ் ரேட்டுக்காரர்கள்.
யாரும் நிமிரவில்லை.

மூன்று மணிக்கு டேப்பை எடுத்தார்.
இருநூற்றுப் பதினான்கு பீஸில்
கழுத்து அரை இஞ்ச் கூடுதல்.
சண்டை போட்டேன்.
கண்டெய்னர் நிற்காதுங்க, இது போதும் சார், விடுங்க என்று
கத்தியே விட்டேன்.
போதும் என்ற சொல்லை மட்டும் அவருக்கு
இங்கிலீஷில் சொல்லித் தொலைத்திருந்தேன்.
கொஞ்ச நேரம் என்னையே பார்த்தார்.
பிறகு ஃபெயில் என்று எழுதி, கையெழுத்துப் போட்டார்.

விடிய விடியப் பிரித்தோம்.
கிளம்புகிறபோது அந்தக் குவியலில் ஒன்றை உருவி
தலைவழியே மாட்டிக்கொண்டார்.
தொளதொளவென்று தொங்கியது.
தொண்டைக்குழியில் இரண்டு விரல் வைத்துப் பார்த்தார்.
நூற்றுப் பத்து ரூபாய் கொடுத்தார்.
பில் கேட்டார்.