பிணம் – ஒருவர்

பதினோரு முறை செத்தவன்
குருசுக்குப்பத்தில் பாறை கொட்டாத
கொஞ்சூண்டு மணலைத் தேடிப் பிடித்து
நாற்காலி வேண்டாம் என்று குந்தினான்.
பெயர் லாசன் உபெல்லா, ஊர் மொராக்கோ.
மீன்காரர்கள் அரை மணியில்
லச்சன் ஆக்கிவிட்டார்கள்.
நான் அவன் பிரெஞ்சுக்குத் தமிழ்,
இவர்கள் தமிழுக்குப் பிரெஞ்சு.
தினக்கூலி, சாப்பாடு தனி.

முந்தின நாள்
மரக்காணம் உப்பளம் தாண்டும்போது சொன்னான்:
அவன் ஊர்ப் பாலைவனத்தில்
அட்டையில் கட்டிய ரோமாபுரி இருக்கிறதாம்,
எகிப்து இருக்கிறதாம்,
அவன் ஊர் மட்டும்
எந்தப் படத்திலும் இல்லையாம்.
வெள்ளைக்காரர் படங்களில்
ஈட்டி பட்டு, குண்டு பட்டு, ஒட்டகத்திலிருந்து விழுந்து,
ஒரே ஒருமுறை வசனத்தோடு (‘தண்ணீர்’)
பதினோரு சாவு.
பெயர்ப் பட்டியலில் ‘காவலாளி இரண்டு’.
காவலாளி ஒன்று யார் என்றேன்.
‘என் மைத்துனன். அவனுக்குக் குதிரை ஏறத் தெரியும்.’

பிறகு டிவி.
நோன்பு திறக்கும் நேரத்தில்
கஞ்சன் மாமனாக வீடு வீடாகப் போனான்,
ஆறு வருஷம்.
காய்கறிக்காரன் மீதிச் சில்லறையை
இரண்டு முறை எண்ணிக் கொடுத்தானாம்.
தகப்பனை அடக்கம் செய்த அன்று
குழி ஓரத்தில் யாரோ சிரித்துவிட்டார்,
இவன் முகத்தைப் பார்த்து.
கேமராவுக்குப் பின்னால் போய்விடுவதென்று
அன்றைக்குத்தான்.
சொல்லிவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான்.
நானும் வார்த்தை தேடுவதுபோல இருந்தேன்.

முதல் படம் ஓடவில்லை.
இரண்டாவதற்கு மனைவியின் வளையல் போயிற்று.
மூன்றாவது இது:
சைகோன் சண்டைக்குப் போன பெரியப்பனின் கப்பல்
ஒரு பகல் புதுச்சேரியில் நின்றதாம்.
அந்த ஒரு பகல்தான் கதை.
கதையில் ஒரு பிணம் கரை ஒதுங்கும்.

பிணத்துக்கு வந்தவர் அஞ்சாப்புலி.
எழுநூறு ரூபாய், ஓர் இட்லிப் பொட்டலம்.
சட்டையைக் கழற்றி அலை விளிம்புவரை போய்
நின்றுவிட்டார்.
‘வெள்ளிக்கெழம எம் மவளுக்கு வளகாப்பு.
இப்பப் போயி செத்தமாரி படுத்தா
வூட்ல என்னா சொல்லுவாங்க?’

வளைகாப்புக்குப் பிரெஞ்சில் சொல் கிடைக்கவில்லை.
வயிற்றுப் பிள்ளைக்கு
வளையல் சத்தம் கேட்பிக்கிற நாள் என்றேன்.
வளையல் என்றதும் அவன் தலை நிமிர்ந்தது.

மேனேஜர் சுகந்தன் வேறு பிணம் கேட்டு
போனில் கத்திக்கொண்டிருந்தார்.
வெயில் ஏறினால் ஷாட் போச்சு.
லாசன் கடிகாரத்தைக் கழற்றி
என் கையில் கொடுத்தான். சட்டையைக் கொடுத்தான்.
ஈர மணலில் குப்புற விழுந்தான்.
விழுந்த விதத்திலேயே தெரிந்தது தொழில்:
ஒரு கை உடம்புக்குக் கீழே,
வாய் அலைக்கு எதிர்ப்பக்கம்,
மூச்சு முதுகில் அல்ல, வயிற்றில்.

கேமரா ஓடியது.
அலை வந்து இடுப்பைத் தூக்கிப் போட்டது.
நண்டொன்று விரல்களை எண்ணிவிட்டுப் போனது.
நாய் முகர்ந்தது, நம்பியது, விலகியது.
யாரும் கட் சொல்லவில்லை.
சொல்ல வேண்டியவன் செத்துக் கிடந்தான்.
உதவி டைரக்டர் என்னைப் பார்த்தாள்.
நான் கடிகாரத்தைப் பார்த்தேன்.
அதில் இன்னும் அவன் ஊர் ராத்திரி,
ஒன்றே முக்கால்.

கடைசியில் அஞ்சாப்புலிதான்
முழங்கால் தண்ணீரில் இறங்கி
‘போதும்பா, எய்ந்திரு. குளுரப் போவுது’ என்றார்.
நான் மொழிபெயர்க்கவில்லை.
லச்சன் எழுந்தான்.

வவுச்சரில் ‘பிணம் – ஒருவர் – 700’.
பணம் யாருக்கு என்று மேனேஜர் கேட்க
‘எழுப்பியவருக்கு’ என்றான்.
அஞ்சாப்புலி காகிதத்தைத் தள்ளினார்:
‘அந்த வார்த்தய அடிச்சிட்டுக் குடு,
கையெழுத்துப் போடறேன்.’
அடித்தாயிற்று.
மேலே என்ன எழுதுவதென்று தெரியாமல்
நான்கு பேரும்
பேனாவைப் பார்த்துக்கொண்டிருந்தோம்.
இட்லி ஆறிக்கொண்டிருந்தது.