பிணை இலவசம்

பயமுறுத்தினால் போதும் என்றுதான் சொன்னேன்.
சார்ஜென்ட் காலிக்ஸ்டஸ் தலையாட்டினார்.
பயத்துக்கு டீசல் வேண்டும் என்றார்.
அரை டேங்க் ஊற்றினேன்.
பிறகு தாள் வேண்டும் என்றார்,
புகார் எழுத நிலையத்தில் தாள் இல்லையாம்.
எதிர்க்கடையில் நாலு தாளும் ஒரு பேனாவும் வாங்கி வந்தேன்.
எழுதி முடித்ததும் பேனாவைத்
தன் சட்டைப்பையில் செருகிக்கொண்டார்.

ஆறு லட்சத்து நாற்பதாயிரம் நைரா.
சாட்சி இல்லை, பத்திரம் இல்லை.
மீன்கடை மேசைமேல் எண்ணி வைத்தேன்;
நுவாகாஎகோ ஈரக்கையை
இடுப்புத்துணியில் துடைத்துவிட்டு எடுத்துக்கொண்டாள்.

அந்த மாதம் ஓனிட்சாவில்
பதினோரு நாள் மின்சாரம் இல்லை.
ஆறாம் நாள் ஜெனரேட்டர் இருமிவிட்டு நின்றது.
முந்நூறு பெட்டிக் கானாங்கெளுத்தி
கண்ணைத் திறந்துகொண்டே அழுகியது.
இது எனக்குத் தெரியும்.
மூக்கில் துணி கட்டிக்கொண்டு நானும்தான் அள்ளினேன்,
நைஜர் கரைவரை
பதினான்கு கைவண்டி.

தெரிந்தும் போனேன்.
கோர்ட் என்றால் நாலு வருஷம் என்றார் வக்கீல்,
காலிக்ஸ்டஸ் நாலு மணி நேரம் என்றார்.
லாகோஸ் துணிக்காரன் பாக்கி கேட்டு
தினம் இருமுறை என்னை அழைத்துக்கொண்டிருந்தான்.
அவனும் ஒரு சார்ஜென்ட்டைத் தேடிக்கொண்டிருக்கலாம்.

'கடன் கொடுத்தேன்' என்று எழுதியிருந்தேன்.
அடித்துவிடு என்றார்.
கடனில் எங்களுக்கு வேலையில்லை, சட்டம் அப்படி.
'ஏமாற்றிப் பறித்தாள்' என்று எழுது.
எழுதினேன்.
பன்னிரண்டு வருஷம்
ஒரே வரியில் குற்றப்பிரிவுக்குப் போனது.

வீட்டில் அவள் இல்லை.
அசாபாவில் யாரிடமோ பணம் புரட்டப் போயிருந்தாள்,
எனக்குத் தருவதற்குத்தான்.
வந்ததற்கு வெறுங்கையோடு திரும்ப முடியுமா?
மகன் ஒபியோரா வாசலில்
வாளிக்குத் தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்தான்.
பதினைந்து வயது.
ஒரு செருப்போடு ஏற்றினார்கள்.
மற்றது குழாயடியில் கிடந்தது.
நான் முன்சீட்டில் இருந்தேன்.
திரும்பிப் பார்க்கவில்லை.
வாளி நிரம்பி வழியும் சத்தம் மட்டும் கேட்டது.

எங்கள் மொழியில் அவள் பெயருக்கு
காசைவிடப் பிள்ளை பெரிது என்று அர்த்தம்.
காலிக்ஸ்டஸுக்கும் தெரியும், அதே மொழிக்காரர்.
பதிவேட்டில் எழுத்துக்கூட்டி எழுதினார்;
எதிரே தொகையை எழுதி அடிக்கோடிட்டார்.

'பிணை இலவசம்' என்று
நீலப் பெயின்ட்டில் எழுதியிருந்த சுவருக்குக் கீழே
பையன் உட்கார்ந்திருந்தான்,
வெறுங்காலைச் செருப்புக்காலின் மேல் வைத்து.
ரொட்டியும் ஃபான்டாவும் வாங்கிக் கொடுத்தேன்.
'நன்றி ஆன்ட்டி' என்றான்.
திட்டியிருக்கலாம்.

இருட்டியபின் அவள் வந்தாள்.
குளிர்ப்பெட்டியை விற்றுவிட்டாள்.
இரண்டு லட்சத்துப் பத்தாயிரம்.
மேசையில் வைத்தபோது கை ஈரமாக இல்லை.

காலிக்ஸ்டஸ் எச்சில் தொட்டு எண்ணினார்.
நிலையத்துக்குப் பத்தில் ஒன்று, இருபத்தோராயிரம்.
விசாரணைச் செலவு முப்பது.
இலவசப் பிணைக்கு நாற்பது.
மீதி ஒரு லட்சத்துப் பத்தொன்பதாயிரம்
என் பக்கம் தள்ளப்பட்டது.
இனி எந்தப் பெட்டியில் மீன் வைத்து
மிச்சத்தை அவள் அடைப்பாள் என்று
யாரும் கேட்கவில்லை.
நானும்.

இருவரும் கையெழுத்துப் போட்டோம்.
எங்களுக்குள் முதல் பத்திரம்.
அந்தத் தாளும் நான் வாங்கியதுதான்.

வெளியே ஒரே ஒரு ஆட்டோ.
ஒரே தெரு எங்களுக்கு.
பையன் நடுவில் உட்கார்ந்தான்.
ஹர்மட்டான் தூசியில் விளக்குகள் கலங்கித் தெரிந்தன.
யாரும் பேசவில்லை.
இறங்கியதும் நான் பையைத் துழாவினேன்;
என்னிடம் இருந்ததெல்லாம்
கட்டுப் பிரிக்காத பெரிய நோட்டுகள்.
அதற்குள் அவள்
மூன்று பேருக்கும் சேர்த்துக் கொடுத்துவிட்டுப் போய்விட்டாள்.

என் பங்கு இருநூறு நைரா.
இன்னும் நான் திருப்பிக் கொடுக்கவில்லை.