உண்மையான மணி

தேடுகிறது என்கிறது திரை.
பதினோரு நிமிடமாக வட்டம் சுற்றுகிறது.
ருவைஸ் கேம்ப், சி பிளாக், மூன்றாம் மாடி.
ஆறு பேர் அறையில் எனக்கு மேல்கட்டில்,
ஏசிக் காற்று நேரே நெற்றியில்.

ஆட்டத்துக்கு நாலு பேர் வேண்டும்.
சோஹாரில் கிரேன் ஓட்டும் வேல்ராஜ் பச்சை.
தோஹாவில் கடை பூட்டிவிட்டு வந்த ரிஸ்மி பச்சை.
குவைத்தில் ஒருவன், பெயர் கருவாடு007,
இரண்டு வருடமாக மைக் திறக்காதவன்,
அவனும் பச்சை.
நான் மட்டும் மஞ்சள்.

"உன்னாலதான்டா" என்கிறான் வேல்ராஜ்.
"நெட்ட ஓஃப் பண்ணி ஒன் பண்ணுங்க மச்சான்" என்கிறான் ரிஸ்மி.

நான் இன்ஸ்ட்ரூமென்ட் டெக்னீஷியன்.
பகலெல்லாம் லூப் செக்.
கோபுர உச்சியில் நின்று
நாலு மில்லி ஆம்பியர் அனுப்பினால்
கன்ட்ரோல் ரூமில் பூஜ்யம் தெரிய வேண்டும்.
தெரியாவிட்டால் கோபப்படக் கூடாது.
பாதி வழியில் பெட்டியைத் திற, கம்பியைக் கழற்று,
பழுது மேலேயா கீழேயா பார்.
மறுபடி அதில் பாதி.

அப்படித்தான் தொடங்கினேன்.
பதினாலு பேருக்கு ஒரே ரவுட்டர், ஃப்ரிட்ஜ் தலையில்.
அணைத்ததும் தாழ்வாரம் முழுக்க
நாலு மொழியில் கெட்ட வார்த்தை.
முசாஃபரின் மகள்
கேக் வெட்டும் கத்தியோடு உறைந்துபோனாளாம்.
மன்னிப்புக் கேட்டேன்.
சிம் டேட்டாவுக்கு மாறினேன். வட்டம்.
மண்டலத்தை ஆசியா என்று மாற்றினேன். வட்டம்.
ஆட்டத்தையே அழித்து
இரண்டரை ஜிபி மறுபடி இறக்கினேன்.
அதற்குள் துவைத்துப் போட்ட கவரால் காய்ந்துவிட்டது
(ருவைஸில் இது பெரிய விஷயமில்லை).
மறுபடி வட்டம்.

"என்னடா, ஜாதகமா பாக்குது உன் சர்வர்?"
கீழ்க்கட்டில் ஜெபமணி, போர்வைக்குள்ளிருந்து.
"மணி என்ன?"
பதினொன்று ஐம்பத்திரண்டு என்றேன்.
"உன் மணி கேக்கல. உண்மையான மணி."

பஸ் நாலு நாற்பதுக்கு.
ஷட்டவுன் தொடங்கிய வாரம் இரண்டு முறை தவறவிட்டு
இரண்டு அரைநாள் சம்பளம் போனபின்
போனில் நானே தள்ளிவைத்தது, இருபத்தைந்து நிமிடம்.
என்னை நானே ஏமாற்ற.
ஒருநாளும் ஏமாந்ததில்லை,
கண் திறக்குமுன் மனசு கழித்துவிடும்.
ஆனாலும் அதன்பின் பஸ் தவறவில்லை.

சர்வருக்குக் கழிக்கத் தெரியவில்லை.
குவைத் ஒரு மணி நேரம் பின்னால் இருக்கிறது,
தோஹாவும்தான்.
அதையெல்லாம் அது கண்டுகொள்ளவில்லை.
என் பொய்யில் மட்டும் இடறி நின்றது.
இன்னும் நடக்காத ஒரு நிமிடத்திலிருந்து
கதவைத் தட்டுகிறவனை
யாரோடு சேர்த்துவிடும்?

தானியங்கி நேரம் என்ற பொத்தானைத் தள்ளினேன்.
பதினொன்று இருபத்தெட்டு.
சட்டைப்பையில் மறந்த நோட்டு
சலவையில் கிடைத்த மாதிரி இருந்தது.

பச்சை.

யாரும் ஒன்றும் சொல்லவில்லை.
பிறகு, முதல்முறையாக,
கருவாடு மைக்கைத் திறந்தான்.
பேச்சில்லை.
பழைய ஜன்னல் ஏசியின் இரைச்சல்,
நடுவே டக், டக்கென்று ஃபேன் எங்கோ இடிக்கும் சத்தம்,
என் தலைமாட்டில் கேட்பதேதான்.
"பேரிங் போச்சு, மாத்தச் சொல்லுங்க" என்றேன்.
மைக் மூடிக்கொண்டது.

குதித்தோம்.
ஏழாவது நிமிடம் பாலத்துக்கடியில்
நாலு பேரும் ஒன்றாகச் செத்தோம்.
யார் குண்டு வீசியது என்பதில் வேல்ராஜுக்கும் ரிஸ்மிக்கும்
இன்னும் சண்டை ஓடுகிறது.

எனக்குப் பிரச்சினை வேறு.
தள்ளிவைத்தால் பஸ் கிடைக்கும்,
இவர்கள் கிடைக்க மாட்டார்கள்.
"அலாரத்த முன்னாடி வச்சிட்டுப் படேன்" என்கிறான் ஜெபமணி.
மூணே முக்கால் என்று தெரிந்தே
மூணே முக்காலுக்கு எவன் எழுந்திருப்பான்?

இன்னொரு ரவுண்டா என்று கேட்கிறது திரை.
மூன்று பேர் பச்சை.
மணி பதினொன்று ஐம்பத்திரண்டு,
இந்த முறை
உண்மையாகவே.