பக்கத்துக்கு எழுநூறு ரூபா

நீதிமன்றத்துக்கு எதிரே, போட்டோக்கொப்பிக் கடைக்கு மேலே
என் அறை. மின்விசிறி, ரப்பர் முத்திரை,
மூன்று மொழியில் ஒரு பெயர்ப்பலகை:
மேலே சிங்களம், நடுவில் தமிழ், அடியில் ஆங்கிலம்.
படியேறி வருகிறவர்கள் அந்த அடிவரிக்காகவே வருகிறார்கள்.

பிறப்பு, இறப்பு, விவாகம், காணி உறுதி,
பங்குத்தந்தையின் கடிதம்,
எல்லாம் ஆங்கிலமானால்தான் விமானம் ஏறும்.
ழகரம் ஏறாது; அதை இங்கேயே விட்டுவிட்டுப் போகிறார்கள்.
எழினிக்கு மூன்று தாளில் மூன்று எழுத்துக்கூட்டல்.
மூவரும் ஒருத்தியே என்று சத்தியம் செய்தேன்.
தூதரகம் நான்காவதாக ஒருத்தியைக் கேட்டது.

பழைய பூங்காவில் வெள்ளைக்காரனின் கச்சேரி
கூரையில்லாமல் நிற்கிறது.
அவன் மேசை மட்டும் எப்படியோ என் அறைக்கு வந்துவிட்டது.
குறை சொல்லவில்லை; சோறு போடும் மேசை.
சோதனைச்சாவடிக் காலத்தில்
எனக்கு அரைகுறைச் சிங்களம், அந்தப் பையனுக்குத் தமிழே இல்லை.
குட் மோர்னிங் என்றேன்.
மிஸ், போகலாம் என்றான், அவனும் ஆங்கிலத்தில், தட்டுத்தடுமாறி.
இருவருக்கும் சொந்தமில்லாத வாடகை வீட்டில்
மரியாதையாக நடந்துகொண்டோம்.
எனக்குப் பின்னால் வரிசை வெயிலில் நின்றது.
எமரன்சியா அதில் நின்றிருக்கலாம்.

செவ்வாய்க்கிழமை வந்தாள், குருநகரிலிருந்து.
கையில் பொலிஸ் முறைப்பாட்டின் பிரதி, முழுதும் சிங்களம்,
அடியில் தமிழில் அவள் பெயர்.
"என்ன எழுதினவையெண்டு தெரியாது. கையெழுத்து என்ரைதான்."
அவளிடமும் ஆங்கிலம் இருக்கிறது:
பைல், ரெபரன்ஸ், பென்டிங், ரிமைண்டர்.
பதினாறு வருஷம் வாசல்களில் நின்று படித்தது.
ஜெனீவாவுக்கு ஒரு கடிதம் வேண்டுமாம்.
"எழுதுங்கோ மிஸ். எனக்கு மூண்டு பிள்ளையள்."

இந்த வாக்கியத்துக்குத் தமிழில் வினைச்சொல் கிடையாது.
வினையில்லாததால் காலம் இல்லை,
காலமில்லாததால் கதவு பூட்டவில்லை,
சீலன் எந்த நேரமும் வந்து சாப்பிட உட்காரலாம்.
ஆங்கிலம் வாசலிலேயே மறிக்கிறது:
ஹாவ்? ஹாட்?
ஒரு மெய்தான் வித்தியாசம்.
அந்த மெய்யைத்தான் அவள் தேடிக்கொண்டிருக்கிறாள்.

"காணாமல் போன திகதி?"
"அவன் போகேல்லை. கொண்டுபோனவை."
"ஆர்?"
மின்விசிறியைப் பார்த்தாள்.
"கொண்டுபோனவை."
எழுவாயை வாய்விட்டுச் சொல்லாமல்
விகுதிக்குள் ஒளித்துவைக்கத் தமிழுக்குத் தெரியும்;
எங்களில் கனபேர் அப்படித்தான் உயிரோடிருக்கிறோம்.
ஆங்கிலத்துக்கு ஆள் வேண்டும், வரியின் தலையில்.

இரண்டு காலங்களையும் விளங்கப்படுத்தினேன்.
பேசாமலிருந்தாள்.
பக்கத்து மாடியில் ஸ்போக்கன் இங்கிலீஷ் வகுப்பு:
தங்கள் பொழுதுபோக்கு நீச்சல் என்று
முப்பது பிள்ளைகள் ஒரே குரலில் சொல்லிக்கொண்டிருந்தார்கள்.
கடல் ஒரு கட்டை தூரம். எத்தனை பேருக்கு நீந்தத் தெரியுமோ.

"இருக்கிறானெண்டும் இல்லாமல், இருந்தவனெண்டும் இல்லாமல்
உந்தப் பாஷையிலை ஒரு இடமும் இல்லையோ?"

பன்னிரண்டு காலங்களையும் பாடமாக்கிப் பரிசு வாங்கியவள் நான்.
ஒவ்வொன்றாய்த் திறந்து பார்த்தேன்.
ஒன்றிலும் அவனை இருத்த முடியவில்லை.

ஹாவ் என்று தட்டினேன்.
கொண்டுபோனவர்களின் இடத்தை வெறுமையாய் விட்டேன்,
படிவங்களில் கையொப்பத்துக்கு விடுகிற புள்ளிக்கோட்டோடு.
எழுநூறை எண்ணி வைத்தாள்.
வாங்கினேன்; மாதக் கடைசி.
முத்திரை குத்தினேன்:
மூலத்தோடு ஒப்பிட்டுச் சரியெனச் சான்றளிக்கிறேன்.

மூலம், சுவரைப் பிடித்தபடி,
ஒவ்வொரு படியாய் இறங்கிக்கொண்டிருந்தது.