கணக்கில் வராத பதினோரு மாத்திரை

சனிக்கிழமை டோக்கன் போட்டுப் போன படகு
திங்களாகியும் தங்கச்சிமடம் திரும்பவில்லை.
பிடித்துவிட்டார்கள் என்பது
பேப்பரில் வருவதற்கு முன்பே
சலேத்தின் மூச்சில் வந்துவிட்டது, என் போனுக்கு.
"அக்கா, டப்பா வீட்லயே இருக்கு.
ஒரு ராத்திரி கடல்தானேன்னு
வச்சிட்டுப் போயிட்டாரு."

ராமநாதபுரம் பெரியாஸ்பத்திரியில்
என்னுடையது கடைசி அறை.
காசநோய் வரிசையில் நிற்பவர்கள்கூட
எங்கள் வாசலைத் திரும்பிப் பார்ப்பதில்லை,
பார்த்தால் ஒட்டிக்கொள்ளும் என்பதுபோல.
சுவரில் உலகப்படம் போட்ட ஒரு போஸ்டர்:
2030க்குள் முடித்துவிடுவோமாம்.
அதில் பாக் நீரிணை
ஒரு தலைமுடி அகலம்கூட இல்லை.

ரெமிசியுசோடு போனவர்கள் நாலு பேர்.
நாலு பேருக்கும் அது
ஒன்பது மணிக்குப் போடுகிற சுகர் மாத்திரை.
ஆபீசில் சொன்னால் சங்கத்துக்குத் தெரியும்,
சங்கத்துக்குத் தெரிந்தால்
மாதா கோயில் மணிக்கே தெரிந்துவிடும்.
தூதரகத்துக்கு எழுதலாம்.
எந்த வார்த்தையை எழுதி
எந்த வார்த்தையை விழுங்குவது?

நாலாம் நாள்,
ஒரு பழைய குரூப் போட்டோவின் முதுகில்
பேனாவால் கிறுக்கிய நம்பர் கிடைத்தது.
கொழும்பில், எந்த நாட்டுப் பணத்திலோ
மூன்று நாள் பயிற்சி.
ஃபைல் கொடுத்தார்கள், தொப்பி கொடுத்தார்கள்.
பேசியவர்கள் பேசியது ஒன்றும் நினைவில்லை.
பக்கத்து நாற்காலியில்
புட்டைப் பற்றியே பேசிக்கொண்டிருந்த
யாழ்ப்பாணத்து நர்ஸ் தர்மினியை நினைவிருக்கிறது.

"ஓம், சொல்லுங்கோ" என்றாள்.
எங்கள் மீனவர்கள் என்று ஆரம்பித்ததும்
அந்தப் பக்கம் சத்தமில்லை.
அவள் தம்பியின் வலையை
எங்கள் விசைப்படகு ஒன்று அறுத்துப்போன கதையை
புட்டுக்கு நடுவே சொல்லியிருந்தாள்.
அவள் மறந்திருப்பாள் என்று நான் நம்பவில்லை.
பிறகு கேட்டாள்:
"எத்தினை நாள் விட்டுப்போச்சு?"

ஏழாம் நாள் சிறைக்குப் போயிருக்கிறாள்.
ஐந்து பேரையும் வரிசையாய் உட்காரவைத்து
ஐந்து பேருக்கும் பிரஷர் பார்த்தாளாம்,
ஐந்து பேர் விரலிலும் குத்தி
சுகர் பார்த்தாளாம்.
ஒருவனுக்கு மட்டும்
கூடுதலாய் இருக்கிறதென்று
ஒரு டப்பா கொடுத்தாளாம்.

இருபத்தைந்து ராத்திரி கழித்து விட்டார்கள்.
படகை விடவில்லை.
வாழ்நாளில் முதல்முறை விமானம் ஏறி
சென்னையில் இறங்கி, பஸ் பிடித்து,
குளிக்காமல் வந்து என் முன்னால் உட்கார்ந்தான்.
டப்பாவைத் திருப்பிப் பார்த்தேன்.
ஹைதராபாத் பக்கத்து ஆலை.
அவன் தாண்டக் கூடாத கோட்டை
முத்திரை குத்திக்கொண்டு தாண்டிப் போன மாத்திரை.
கொட்டி எண்ணினேன். பதினொன்று.
முப்பதில் பத்தொன்பது போயிருக்கிறது,
அந்த முதல் ஆறு ராத்திரி தவிர
ஒன்றும் தப்பவில்லை.

கம்ப்யூட்டரில்
'தவறியதற்குக் காரணம்' என்று ஒரு கட்டம்:
மறதி, பயணம், பக்கவிளைவு, இருப்பில்லை.
எல்லை என்று ஒன்று இல்லை.
பயணம் என்பதை அழுத்தினேன்.

பதினொன்றை எங்கள் கையிருப்பில் ஏற்ற முடியாது,
அது வேறு நாட்டுக் கணக்கு.
அழித்துவிடத்தான் விதி.
மேசை டிராயரில்
குண்டூசி டப்பாவுக்குப் பின்னால் இருக்கிறது.

போன வாரம் தர்மினி கூப்பிட்டாள்.
எங்கோ தூரதேசத்தில் ஒரு கையெழுத்து,
பணம் நின்றுவிட்டதாம்.
மாதக் கடைசியோடு அவளையும் சேர்த்து
நாலு பேர் வீட்டுக்கு.
"மருந்து வருமாம்.
கொண்டுபோய்க் குடுக்கத்தான் ஆள் இராது."
பிறகு, தம்பி புது வலை வாங்கியதைச் சொன்னாள்.
என்ன விலை என்று கேட்டேன்.
வேறென்ன கேட்க.

இன்று டோக்கன் நாள்.
ரெமிசியுஸ் யாரோ ஒருவர் படகில் கூலிக்குப் போயிருக்கிறான்,
சட்டைப் பையில் பாலிதீனில் சுற்றி
இரண்டு மாத்திரை கூடுதலாக.
ஒன்பதுக்கு என் போன்
இரண்டு தரம் அடித்து நிற்கிறது.
போட்டுவிட்டேன் என்று அர்த்தம்.
நடுக்கடலில் சிக்னல் ஏது,
அது எந்தக் கரையின் டவர்
என்று நான் கேட்பதில்லை.