பேர்க்காரி

புத்தூரில் எலும்பு கட்டும் இடத்தில்
டோக்கன் எழுதுவது என் வேலை.
பச்சிலையும் முட்டை வெள்ளையும் வாடையடிக்கும் வராந்தாவில்
தினமும் நூறு பேர், திங்கட்கிழமை என்றால் நூற்றைம்பது.
எங்கே விழுந்தாய், எப்படி விழுந்தாய் என்று
உள்ளே கேட்பார்கள்.
நான் கேட்பது ஒன்றுதான்:
பேரு?
தமிழுக்கும் தெலுங்குக்கும் மலையாளத்துக்கும்
அந்த ஒரு சொல் போதும்.

பதிவேடு தெலுங்கில். ழகரத்துக்கு அதில் இடமில்லை.
பொதட்டூர்ப்பேட்டை குழந்தைவேலு
உள்ளே போகும்போதே குளந்தைவேலு.
கட்டுப் பிரித்து வெளியே வருகையில்
கையும் சரி, பேரும் சரி,
கொஞ்சம் கோணல்தான். வேலை செய்யும்.

நகரிக்காரர்களுக்கு வீட்டுப்பேர் முன்னால் நடக்கும்,
இடையனுக்கு முன்னால் ஆடுகள் மாதிரி.
நமக்கு அப்பா ஒற்றை எழுத்து.
ஒரு புள்ளி வைத்து நிறுத்திவிடுகிறோம்.

லாரி கவிழ்ந்து வந்த சாலக்குடிக்காரன், லிஜோ.
"என்னப்பா அர்த்தம்?"
"அர்த்தம் ஒண்ணுமில்ல சேட்டா.
லில்லியோட லி, ஜோசப்போட ஜோ."
முழங்காலைப் பிடித்துக்கொண்டு சிரித்தான்.
அர்த்தமில்லாத அந்தப் பேருக்குள்
இரண்டு பேர் குடித்தனம் இருக்கிறார்கள்.

என் பேர் தேசிங்கு.
வடக்கே எங்கேயோ தேஜ் சிங் என்று கிளம்பி
செஞ்சிக் கோட்டைவரை குதிரையில் வந்து
நம் வாயில் விழுந்து உடைந்ததாம்.
கட்டியது யாரோ, நன்றாகத்தான் கட்டியிருக்கிறார்.
இத்தனை காலமாக நொண்டாமல் நடக்கிறது.

எழுத உட்கார்ந்தது இதற்கில்லை.

போன ஆடியில் ஒரு பையன், இஸ்திரி கலையாத சட்டை,
அம்மாவைப் பெஞ்சில் உட்காரவைத்து
பிந்து என்று எழுதச் சொல்லிப் பணம் கட்டிவிட்டு
டீ வாங்கப் போனான்.
பிந்து, என்றேன். பிந்து. பிந்தூ.
யாரும் எழவில்லை.
மணிக்கட்டைத் துண்டில் தொங்கவிட்டிருந்த அந்த அம்மா
பக்கத்துப் பெண்ணிடம் கேட்டாள்:
"பிந்து எவரு?"
பாவம், எத்தனை தரம் கூப்பிடுகிறார் என்றாள்.

பையன் ஓடிவந்தான். காதோடு சொன்னான்:
"நிஜப் பேரு பெண்ட்டம்மா சார். சத்தமாச் சொல்லாதீங்க."

தகரக் கூரைக்குக் கீழே ரகசியம் நிற்குமா?
பக்கத்துப் பெண் சோளிங்கர்க்காரி, தோள் இறங்கியிருந்தது.
"பெண்ட்டன்னா?"
"குப்பை," என்றேன்.
அவள் தன் டோக்கனைத் திருப்பிக் காட்டினாள்.
நாற்பத்திரண்டு. குப்பம்மாள்.

சிரிப்பார்கள் என்று நினைத்தேன்.
குப்பம்மாள் கேட்டாள்:
"உனக்கு முன்னாடி எத்தனை?"
பெண்ட்டம்மா நல்ல கையில் மூன்று விரல் நீட்டினாள்.
குப்பம்மாள் இரண்டு.

பிறந்து பிறந்து தங்காத வீட்டில்
இதுவாவது நிலைக்கட்டும் என்று
குப்பைமேட்டில் கிடத்தி எடுத்த பிள்ளைகள்,
தவிட்டுக்கு வாங்கின பிள்ளைகள்.
எமன் குப்பையைக் கிளறமாட்டான் என்பது கணக்கு.
எல்லைக்கு அந்தப் பக்கமும் அதே எமன், அதே கணக்கு.

பையன் கையில் டீ ஆறிக்கொண்டிருந்தது.
இரண்டு கைகளின் ஐந்து விரல்களையும்
அவன் எண்ணுவதைப் பார்த்தேன்.
அந்த ஐந்துக்கும் பேர் வைத்திருந்தார்களா என்று
நான் கேட்கவில்லை.
கேட்பதுதான் என் வேலை.

பதிவேட்டில் பிந்து அப்படியே இருக்கிறது.
ரசீது போட்டாயிற்று, அடிக்க முடியாது.

ஒன்பதாம் நாள் கட்டு மாற்றக் குப்பம்மாள் வந்தாள்.
பெஞ்சைப் பார்த்தாள், குழாயடியைப் பார்த்தாள்.
"என் பேர்க்காரி வரலியா?"
மகன் போன் பண்ணி ஒருநாள் தள்ளியிருந்தான்.
நாளைக்கு என்றேன்.

கையிலிருந்த டோக்கனை மேஜைமேல் வைத்தாள்.
"அப்ப எனக்கும் நாளைக்கே போடு."