ஏழாம் வினா, பகுதி (ஆ)

பதினொரு வருடமாக
வெள்ளவத்தையில், பேக்கரிக்கு மேல்மாடியில்,
சனிக்கிழமைகளில் நான் கேட்டுவந்த கேள்வி:
ஒரு கதிர்த்தொழிற்பாட்டு மாதிரியின்
அரைவாழ்வுக்காலம் எட்டு நாட்கள்.
தொடக்கத்தில் நூறு அலகு.
முப்பதாகக் குறைய எவ்வளவு காலம் செல்லும்?

மாதிரி எங்கே இருக்கிறது என்று
கேள்வி சொன்னதில்லை.
எவரும் கேட்டதுமில்லை.

இப்போது சொல்கிறேன்.
மகரகமவில், ஈயம் பதித்த கதவுக்குப் பின்னால்,
வெளிறிய நீலக் கவுனில்
எலுமிச்சை இனிப்பு ஒன்றைச் சூப்பிக்கொண்டு
கட்டிலில் சாய்ந்திருக்கிறது.
பெயர் யோகசாந்தினி.
கழுத்தில் ஏழு தையல்.

காலை பத்து இருபதுக்கு
நீண்ட இடுக்கியால் குப்பியை நீட்டியவர்
நான் விழுங்கி முடிக்குமுன்
கதவுக்கு வெளியே நின்றார்.
ஒரு வில்லை. ருசியில்லை.
நேரம் பூச்சியம் என்று மனதுக்குள் குறித்தேன்.

உள்ளே வரும் எதுவும் வெளியே போகாது என்றார்கள்.
ஆகவே மை தீரப்போகும் ஒரு பேனை,
பாமசி பில்லின் பின்பக்கம்.
பத்தில் மூன்றின் இயற்கை மடக்கை,
கீழே இரண்டின் மடக்கை,
எட்டால் பெருக்கு, குறியை மாற்று:
பதின்மூன்று தசம் ஒன்பது.
பதினான்கு நாள்!
ஹம்டன் ஒழுங்கையில் மகளுக்கு
மூன்று என்று சொல்லிவிட்டு வந்திருந்தேன்.

"தவ டிக்கக், மிஸ்."
கதவுக்கு அந்தப் பக்கம் தாதியின் குரல்.
இன்னும் கொஞ்சம்.
தண்ணீரைத்தான் சொல்கிறாள்.
போத்தல் போத்தலாகக் குடிக்கிறேன்,
ஒவ்வொரு முறையும் போய்வந்து
இரண்டு தரம் தண்ணீரை இழுத்துவிடுகிறேன்.
இரவில் அதுதான் வேலை.

மறுநாள் பத்து இருபது.
மஞ்சள் கோட்டில் நின்று மீற்றரை நீட்டினான் பையன்.
நாற்பத்தாறு.
எனக்குக் கோபம் வந்தது.
இப்படி விடை வராது, திரும்ப அளவுங்கோ என்றேன்.
அளந்தான். நாற்பத்தாறு.
அதற்கடுத்த நாள் இருபத்தொன்று.

நூறுக்கு நாற்பத்தாறு,
நாற்பத்தாறுக்கு இருபத்தொன்று.
விகிதம் அசையவில்லை.
அதே வளைகோடு, மாறிலி மட்டும் வேறு.
என் வினாவில் அயடீன் இருந்தது.
சிறுநீரகம் இல்லை. வியர்வை இல்லை.
தவ டிக்கக் இல்லை.

இரண்டு வழியால் தேய்ந்தால்
இரண்டு வீதமும் கூடும்.
தெரியாததல்ல.
பலகையில் இடம் போதாதென்று விட்டவள் நான்.

போன தவணை கஜீபன் எழுதிய விடை:
'எட்டு நாள் பொறுத்து
மாதிரியைத் திரும்ப அளந்து பார்க்கவும்.'
சிவப்பு மையால் பூச்சியம் போட்டு,
பக்கத்தில் 'பகிடியோ?' என்றும் கேட்டிருந்தேன்.
இங்கே இரண்டு வைத்தியர்கள், ஒரு பௌதிகவியலாளர்,
மீற்றரோடு அந்தப் பையன்,
எல்லாரும் சேர்ந்து கஜீபனின் விடையைத்தான்
செய்துகொண்டிருக்கிறார்கள்.
ஒரு புள்ளி கொடுத்திருக்கலாம்.
இரண்டு கொடுக்க ஏலாது,
செய்கை காட்டவில்லை.

மூன்றாம் நாள் வானில் பின்மூலை இருக்கை.
ஹைலெவல் வீதியில் எங்களை உரசி முந்திய
நூற்று முப்பத்தெட்டாம் இலக்க பஸ்ஸில்
ஆட்கள் தோளோடு தோள் தொங்கினார்கள்.
எவ்வளவு கிட்ட நிற்கிறார்கள்,
கணக்கே பார்க்காமல்.

வீட்டில் எனக்கென்று ஓர் அறை, ஒரு கோப்பை.
வாசலுக்கு வெளியே மகள்
தரை ஓடுகளை எண்ணி
ஆறாவதில் நிற்கிறாள்.
"எப்ப பூச்சியம் ஆகும்?"
ஆகாது என்றேன்.
கேள்வி அதைக் கேட்கவில்லை.
எவ்வளவுக்குக் கீழே போனால் போதும்
என்றுதான் கேட்கிறது.

யோசித்தாள்.
"நாளைக்கு அஞ்சாவது ஓட்டில நிப்பன்.
நாளையிண்டைக்கு நாலு."
ஆறு, ஐந்து, நாலு:
இது நேர்கோடு. தேய்வு இப்படி இறங்காது.
இந்தக் கோடு
ஒரு கிழமைக்குள் பூச்சியத்தைத் தொட்டுவிடும்.

நான் திருத்தவில்லை.